உய்ப்போனும் காண்போனும் ஒருவனாயின்

பெட்டாலிங் ஜெயாவின் பேரங்காடிகளிலும், வீடுகளின் முன்கூடங்களிலும், கண்களை முற்றும் மறைக்கும் கவசம் ஒன்றைத் தலையில் மாட்டிக்கொண்டு இரு கைகளையும் வெற்றுவெளியில் வீசி நிற்கும் இளைஞரை நம்மில் பலர் கண்டிருப்போம், கண்டு நகைத்துமிருப்போம். அவன் அஞ்சுகிறான், நாம் சிரிக்கிறோம். அவனுடைய அச்சம் ஏன் நம்மை வந்து சேரவில்லை? இவ்வினாவுக்கு விடை தேடப் புகுந்தால் தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியலைத் திறந்தே ஆகவேண்டும். ஆதலின் இப்பகுதியில் ஒரு சப்பானிய விளையாட்டைப் பற்றி எழுதுவது பொருந்துமோ என்று ஐயுறுவோர் சற்றே பொறுத்தருள்க.

மெய்ப்பாட்டியலின் முதற்சொல் 'பண்ணை' என்பது. அச்சொல் விளையாட்டு என்னும் பொருளது என்பதை உரியியலில் ஆசிரியரே கூறிவிட்டார். இளம்பூரணர் அதனை விளையாட்டாயம் என்றார். பேராசிரியர், முடிவேந்தர் முதலாயினோர் நாடக மகளிரின் ஆடலையும் பாடலையும் கண்டும் கேட்டும் நுகரும் இன்ப விளையாட்டு என்று விரித்தார். உரைகள் வேறுபடினும் ஒன்று தெளிவு. சுவையைப் பற்றிய தமிழர் ஆராய்ச்சி விளையாட்டுக் களத்திலிருந்தே தொடங்குகிறது. அங்ஙனமிருக்க, நம் மாணவர் நாள்தோறும் ஆடும் விளையாட்டைத் தமிழாசிரியர் ஏறெடுத்தும் பாராமல் ஒதுக்குவது முறையாகத் தோன்றவில்லை.

இனி, நாம் எடுத்துக்கொண்ட விளையாட்டு யாது என்பதைக் கூறுவோம். சப்பானிய ஓவியக்கதை ஆசிரியர் ஹஜிமே இசயாமா 2009 செப்டம்பர் முதல் 2021 ஏப்ரல் வரை திங்களிதழ் ஒன்றில் எழுதி வரைந்த நெடுங்கதை, 'ஷிங்கெக்கி நோ கியோஜின்' என்பது. உலகெங்கும் 'அட்டாக் ஆன் டைட்டன்' என்னும் ஆங்கிலப் பெயரால் அறியப்படுவது. நூல்வடிவில் 34 தொகுதிகள். 2013 முதல் 2023 நவம்பர் வரை அசைபடத் தொடராகவும் வந்து முடிந்தது. முதற்பகுதிகளை விட் என்னும் படக்கூடமும், இறுதிப்பகுதியை மாப்பா என்னும் படக்கூடமும் உருவாக்கின. இத்தொடரை அடியாகக் கொண்டு, தோக்கியோவைச் சேர்ந்த யூனிவர்ஸ் என்னும் நிறுவனம் 'அட்டாக் ஆன் டைட்டன் வி.ஆர்: அன்பிரேக்கபிள்' என்னும் மெய்நிகர் விளையாட்டை அறிவித்தது. 2023 கோடையில் வரும் என்றனர், பின்னர் தள்ளிவைத்தனர், 2024 ஜூலையில் அதன் முன்பதிப்பு வெளிவந்தது. வருவதற்கு முன்னரே அதைப்பற்றி இளைஞர்கள் பேசிய பேச்சு பெரிது. கிள்ளான் பள்ளத்தாக்கில் சப்பானிய ஓவியக்கதைக்கு அன்பர் ஏராளம். 2002 முதல் நடந்துவரும் காமிக் ஃபியஸ்டா என்னும் விழாவுக்குச் சென்றால், இக்கதையின் வீரர்களைப்போல் உடையணிந்து உலவும் இளைஞரைக் காணலாம். அவர்களுள் தமிழ் இளைஞரும் உளர்.

கதையின் தொடக்கம் எளியது. மாந்தரனைவரும் ஒன்றனுள் ஒன்றாக அமைந்த மூன்று பெருமதில்களுக்குள் வாழ்கின்றனர். மதிலின் உயரம் 50 மீட்டர். வெளியே மனிதனை உண்ணும் பேருருவங்கள் திரிகின்றன. நூறாண்டு அமைதிக்குப் பின்னர், மதிலினும் உயர்ந்த ஓர் உருவம் தோன்றி மதிலை உடைக்கிறது. எரன் என்னும் சிறுவன் தன் தாய் உண்ணப்படுவதைக் கண்ணாற் காண்கிறான். வளர்ந்து படையிற் சேர்கிறான். அப்படையினர் இடையில் பூட்டிய பொறியினின்று கொக்கிக் கயிறுகளை எய்து, காற்றிற் பாய்ந்து சென்று, பேருருவங்களின் பிடரியை வெட்டி வீழ்த்துகின்றனர். பிடரி ஒன்றே அவற்றின் உயிர்நிலை. விளையாட்டில் இக்கயிறெய்தலும் பாய்தலும் வெட்டலும் ஆடுவோன் கைகளுக்கே வந்துவிடுகின்றன.

அப்பேருருவங்களைத் தமிழில் என்ன பெயரிட்டு அழைப்பது? அரக்கர் என்றால் அவர்க்கு அறிவும் ஆசையும் அரசும் உண்டு, இராவணன் அரக்கன். பேய் என்றால் அதற்கு உருவம் நிலையில்லை. பூதம் என்னும் சொல் நெருங்கி வருகிறது. ஆனால் அதிலும் ஓர் இடர்ப்பாடு. சிலப்பதிகாரத்தில் புகார் நகரத்துச் சதுக்கத்தில் நின்ற பூதமும் மனிதரைப் பிடித்து உண்டதே. ஆயினும் அஃது எவரை உண்டது? பொய்க்கரி கூறுவோரையும், பொய்த்தவ வேடத்தாரையும், பிறன்மனை நயப்போரையும், அறமல்லது புரியும் அமைச்சரையும் தன் பாசத்தாற் பிணித்து உண்டது. தான் இன்னாரைப் பிடிப்பேன் என்று நாற்காத தூரம் கேட்கும்படி முன்னரே குரல் கொடுத்துவிட்டு உண்டது. அது பசித்த பூதமன்று. அறங்கூறவையத்தின் ஓர் உறுப்பு. இசயாமாவின் பேருருவங்களுக்கோ அறமும் இல்லை; பசியுமில்லை. உண்டதைச் செரிக்கும் குடல் அவற்றுக்கு இல்லை, நிறைந்தபின் உமிழ்ந்துவிடுகின்றன. ஞாயிற்றின் ஒளியே அவற்றுக்கு ஆற்றல். காரணமின்றி உண்பதும், உண்ணும்போது முகத்தில் சிரிப்பு மாறாதிருப்பதுமே அவற்றின் கொடுமை. அச்சத்திற்குரிய பொருளின் முகத்தில் நகையை எழுதிவைத்த ஓவியனின் திறம் பாராட்டத்தக்கது. தொல்காப்பியர் அச்சம் பிறக்கும் இடங்களாகத் தெய்வத்தையும் விலங்கையும் கள்வரையும் இறைவரையும் கூறினார். இது முதலிரண்டுக்கும் இடையில் நிற்பது. பேருருவன் என்றே வழங்குதல் நன்று.

இக்கதையைப் புறத்திணையில் வைத்துப் பார்த்தால் வேறொரு நயம் புலப்படும். மதிலைக் காத்தல் நொச்சி, வளைத்தல் உழிஞை. பின்வந்த புறப்பொருள் வெண்பாமாலை இரண்டையும் வெவ்வேறு படலமாக்கியது. தொல்காப்பியரோ மதில் வளைப்பாரையும் காப்பாரையும் உழிஞை என்னும் ஒரே திணையில் அடக்கினார். இதனைச் சிலர் குறையென்று கருதியதுண்டு. இசயாமாவின் கதையைப் படித்தவர் அங்ஙனம் கருதமாட்டார். கதையின் முற்பாதி முழுவதும் நொச்சி. ஆயின் பாதிக்குப்பின் திரை விலகுகிறது. மதிலுக்கு வெளியேயும் கடலுக்கு அப்பாலும் மாந்தர் உளர். மதிலுக்குள் வாழ்பவர் எல்டியர் என்னும் இனத்தார். மார்லி என்னும் நாடு தன்னிடம் அடிமைப்பட்ட எல்டியருக்கு ஊசியேற்றி, அவர்களையே பேருருவராக்கி, மதிலை நோக்கி விரட்டியது. அதாவது, வீரர் இத்தனை காலம் பிடரியறுத்து வீழ்த்தியது தம் இனத்து மக்களையே. இறுதியில் எரனே பேருருவர் படையைக் கிளப்பி உலகின் பெரும்பகுதியை மிதித்தழிக்கிறான். மதில் காத்தவன் மதில் கொள்பவனாகிறான். திணை ஒன்றே என்ற ஆசிரியரின் கருத்து இங்கே கண்கூடாகிறது.

இசயாமா பிறந்த ஹித்தா வட்டாரம் மலைகள் சூழ்ந்தது. அங்குள்ள ஓயாமா அணைக்கட்டின் அடியில், எரன், மிக்காசா, அர்மின் ஆகிய மூவரும் சிறுவராக நின்று அணையின் பெருஞ்சுவரை அண்ணாந்து நோக்கும் வெண்கலச் சிலைகளை 2020-இல் நிறுவினர். அச்சிலைகளைக் காண்பவர் பேருருவனைக் காண்பதில்லை. அண்ணாந்து நோக்கும் மூன்று முகங்களைக் காண்கின்றனர். சிலை வைத்தோர் அறிந்தோ அறியாமலோ மெய்ப்பாட்டின் நுட்பத்தைப் பிடித்துவிட்டனர் என்பேன்.

அந்நுட்பம் யாது? பேயையோ புலியையோ கண்டு ஒருவன் அஞ்சுகிறான் என்று வைத்து இளம்பூரணர் விளக்குகிறார். அஞ்சுதற்கு ஏதுவாகிய புலியும் பேயும் சுவைக்குரிய பொருள். அவற்றைக் கண்டதுமுதல் நீங்காது நின்ற அச்சம் சுவை. அதனால் நேர்ந்த மயக்கமும் ஒளிதலும் குறிப்பு. உடம்பில் தோன்றிய நடுக்கமும் வியர்வையும் சத்துவம். இனி, செயிற்றியம் என்னும் பழைய நாடக நூலிலிருந்து அவர் ஒரு கருத்தை எடுத்துக்காட்டுகிறார். அந்நூல் இன்று நமக்குக் கிடைத்திலது. எஞ்சியவை இத்தகைய மேற்கோள்களே. சுவை இருவகை நிலத்தில் இயங்குவது. நடத்துபவனிடம் நிகழ்ந்தது காண்பவரைச் சென்று எய்துவதே மெய்ப்பாடு என்பது அக்கருத்தின் சாரம். உய்ப்போன் ஒருவன், காண்போன் வேறொருவன். இருவருக்கும் இடையே ஒரு வெளி. அவ்வெளியைக் கடந்து சுவை செல்கிறது. கடக்கும்போது மாறவும் செய்கிறது. தாயை இழந்த எரனின் கண்களைத் தொடரில் காணும் நாம் எரனைப்போல் வெகுள்வதில்லை, அவன்பொருட்டு அழுகிறோம். அவனிடம் வெகுளியாக எழுந்தது நம்மிடம் அழுகையாக வந்து சேர்கிறது. இம்மாற்றத்திற்கு இடந்தருவது இடைவெளி.

மெய்நிகர் விளையாட்டில் அவ்வெளி இல்லை. கவசத்தை அணிந்தவனே உய்ப்போன், அவனே காண்போன். சுவைக்குரிய பொருளாகிய பேருருவன் பொய். அச்சமோ மெய். நடுக்கமும் வியர்வையும் முற்றிலும் மெய். ஒரு மாணவரின் உதவியால் யானும் அத்தகைய கவசம் ஒன்றை அணிந்து, உயர்ந்த கட்டடத்தின் விளிம்பில் நிற்பதுபோன்ற ஒரு காட்சியைப் பார்த்தேன். காலடியில் வீட்டுத் தரைவிரிப்பு இருப்பதை அறிந்திருந்தும் முழங்கால் தளர்ந்தது. அறிவு சொன்னதை உடம்பு கேட்கவில்லை. இக்கருவியால் சிலர்க்குத் தலைசுற்றலும் குமட்டலும் உண்டாவது வேறு. உடல் நகர்கிறது என்று கண் சொல்ல, நகரவில்லை என்று செவியின் உட்புறத்துள்ள சமநிலை உறுப்பு மறுப்பதனால் அது நேர்கிறது. கயிற்றில் பாய்ந்து செல்லும் இவ்வகை விளையாட்டுகளைச் செய்வோர்க்கு அதுவே பெருந்தடை. 'மெய்நிகர்' என்னும் சொல்லில் உள்ள மெய் உண்மையைக் குறித்ததா, உடம்பைக் குறித்ததா என்று கேட்டால், இரண்டையும் என்று விடை கூறலாம். சொல்லாக்கியோர் எண்ணியது முன்னதாகலாம், பொருந்துவது பின்னது. இச்சொல்லுக்கு மூலமான தொடரை 1938-இல் முதலில் ஆண்டவர் அந்தோனேன் ஆர்த்தோ என்னும் பிரெஞ்சு நாடகக் கலைஞர். அவர் குறித்தது நாடக அரங்கை. தலையில் அணியும் கருவியை ஐவன் சதர்லண்டு என்னும் அமெரிக்க அறிஞர் செய்துகாட்டியது முப்பதாண்டு கழித்து, 1968-இல். சொல் அரங்கிலிருந்து கருவிக்கு வந்தது. வரும்வழியில் அவையை விட்டுவிட்டு வந்தது.

தொடக்கத்தில் கேட்ட வினாவுக்கு இப்போது விடை கூறலாம். கவசமணிந்தவனைச் சூழ நிற்கும் நமக்குச் சுவைக்குரிய பொருள் தெரிவதில்லை. குறிப்பும் சத்துவமும் மட்டுமே தெரிகின்றன. காரணமற்ற நடுக்கம் நகைப்புக்கு இடமாகும். அவன் நம்முன் நடிக்கவில்லை. ஆகவே நாம் அவையல்லோம்.

அவையில்லாத ஆட்டம் தமிழர்க்குப் புதிதன்று என்று ஒருவர் மறுக்கலாம். மணலில் சிற்றில் இழைத்துச் சிறுசோறு சமைக்கும் சிறுமியர்க்கு அவை ஏது? உண்மை. ஆயினும் அங்கே வீடும் சோறும் அவர்கள் கற்பனையில் விளைபவை. மணல் மணலாகவே கிடக்கிறது. கவசத்தினுள் கற்பனைக்கு வேலை குறைவு. வேறொருவர் கற்பித்து முடித்ததைக் கண்முன் நிறுத்திவிடுகின்றனர். மணிமேகலையில் சார்ங்கலன் என்னும் பார்ப்பனச் சிறுவன் சுடுகாட்டுக் கோட்டத்தினுள் தனியே புகுந்து, பிணத்தின் தலையைக் கையிலேந்தி ஆடும் பேயைக் கண்டு, தாயிடம் ஓடிவந்து சொல்லி உயிர்விட்டான். சார்ங்கலன் உய்ப்போனும் காண்போனுமாகிய ஒருவன். அவனுக்கு அக்காட்சி சுவையாகவில்லை, சாவாயிற்று. அதே காட்சியைச் சாத்தனார் வாய்க் கேட்கும் நமக்கு அது சுவை. கலிங்கத்துப்பரணியில் பேய்கள் போர்க்களத்தில் கூழடும் காட்சியை நாம் நகையோடு படிப்பதும் சயங்கொண்டார் இடையில் நின்று தாங்குவதனாலேயே.

இதனால் மெய்நிகர் விளையாட்டு கலையன்று என்று முடிவுகட்டுவார் சிலர். யான் அங்ஙனம் கூறேன். இந்த விளையாட்டுக்கும் இந்தக் கதைக்கும் பொருத்தம் குறைவு என்பதே என் கருத்து. கதையின் முற்பாதியை விளையாட்டு நன்கு தாங்கும். கயிறெய்து பாய்வதில் உள்ள விரைவும், வெட்டுவதில் எழும் பெருமிதமும் அதற்கு இயல்பாகவே பொருந்தும். பிற்பாதியை அது எங்ஙனம் தாங்கும்? வெட்டுண்டவர் நம் மக்கள் என்று அறியவரும் கணத்தில், தொடரைக் காண்போன் இதுவரை தான் கண்டு மகிழ்ந்த ஒவ்வொரு வெட்டையும் மனத்துள் மீண்டும் பார்க்கிறான், கூசுகிறான். ஆடுவோன் கையிலோ வாள் இருக்கிறது; எதிரே அடுத்த பேருருவன் வருகிறான். திரும்பிப் பார்க்க அவனுக்கு நேரமில்லை. நின்று எண்ணினால் உண்ணப்படுவான். இளிவரலும் அழுகையும் தங்குவதற்கு ஓய்வு வேண்டும்; இவ்வமைப்பு அவ்வோய்வைத் தருவதன்று. ஆசிரியன் தன் கதையின் உயிராக வைத்த அறக்கேள்வி, கைக்கு இன்பம் தரும் தொழிலால் மறைந்துபோகிறது. இதைக் கூறும்போது, வாள்வீச்சு மாணவரைக் கெடுத்துவிடும் என்று அஞ்சுவோருடன் யான் சேரவில்லை. 2015-இல் சீன அரசு 38 அசைபடத் தொடர்களைத் தடைசெய்த பட்டியலில் இத்தொடரும் இருந்தது. குருதியைக் கண்டு தடுத்தவர்கள் அக்குருதிக்கு ஆசிரியன் பின்னர்க் கேட்கும் கணக்கைக் காணவில்லை. எனினும் தொடர் சிறுவர்க்குரியதன்று என்பதையும் கூறவேண்டும். இக்கவசங்களைச் செய்யும் மெத்தா நிறுவனம், பெற்றோர் பொறுப்பில் பயன்படுத்தும் வயது வரம்பை 13-இலிருந்து 10 ஆகக் குறைத்தது 2023-இல். நம் தொடக்கப்பள்ளியின் மேல்வகுப்பு மாணவர் அவ்வரம்புக்குள் வந்துவிட்டனர் என்பது ஆசிரியர் கருதத்தக்கது.

ஆடுவோனைப் பேருருவனாகவே ஆக்கிவிடும் விளையாட்டும் நம் நாட்டிலேயே தோன்றியிருக்கிறது. பேஷன் ரிபப்ளிக் என்னும் மலேசியக் குழுவினர் 2022-இல் வெளியிட்ட 'கிகாபாஷ்' என்பதில், ஆடுவோர் பெருவிலங்குகளாகி நகரை மிதித்துப் பொருதுகின்றனர். அது திரையில் ஆடும் நகைச்சுவைப் பொம்மைப்போர். அதனிடம் அறக்கேள்வியை எதிர்பார்ப்பது பொருந்தாது. இடம் மாறிநின்று பார்க்கும் எண்ணம் மட்டும் கருதத்தக்கது.

மெய்நிகர்க் கருவியின் தனியாற்றல் அதுதான். வெட்டுவதற்கன்று, பிறிதோர் இடத்தில் நிற்பதற்கு. 2015-இல் ஐக்கிய நாடுகள் அமைப்பின் ஆதரவில் வந்த 'கிளவுட்ஸ் ஓவர் சித்ரா' என்னும் குறும்படம், யோர்தானில் உள்ள சாத்தரி ஏதிலியர் முகாமில் வாழும் பன்னிரண்டு வயதுச் சிரியச் சிறுமி ஒருத்தியின் பக்கத்தில் நம்மைக் கொண்டுபோய் நிறுத்துகிறது. அங்கே நம் கைக்கு வேலையில்லை. சுற்றிலும் திரும்பிப் பார்க்கலாம்; அவள் பேசுவதைக் கேட்கலாம்; அவ்வளவே. உய்ப்போள் அவளாகவே நிற்கிறாள். காண்போன் அவளருகில் நிற்கிறான். செயிற்றியனார் கூறிய இருவகை நிலமும் அங்கே அழியவில்லை. இடைவெளி மட்டும் நாலடியாகக் குறைந்திருக்கிறது.

நம் ஊர்க்கு வருவோம். ஷா ஆலத்தில் உள்ள லெஸ் கோபாக் நிறுவனம் 2007-இல் தொடங்கிய 'உப்பின் இப்பின்' அசைபடத் தொடரை அறியாத குழந்தை இந்நாட்டில் இல்லை. தமிழ்ப்பள்ளிக் குழந்தைகளும் அதைப் பார்த்து மலாய் பேசக் கற்கின்றனர். அதன் டுரியான் ரூந்து கிராமத்தில் ராஜூ என்னும் சிறுவனும், முத்து என்னும் உணவுக்கடைக்காரரும் தமிழர். கோலாலம்பூரின் ஸ்திரீம்லைன் குழுவினர் 2025 ஜூலையில் இத்தொடரையும் ஒரு பெரிய விளையாட்டாக வெளியிட்டனர். அது கவசத்திற்குரியதன்று, திரையில் ஆடுவது. ஆயினும் அக்கிராமத்தில் நாமே உலவலாம் என்னும் வாய்ப்பு வந்துவிட்டது. நாளை அது கவசத்திற்குள்ளும் வரக்கூடும்.

அங்ஙனம் வரும்போது ஆடுவோனை எங்கே நிறுத்துவார்கள் என்பதுதான் நாம் கேட்கவேண்டியது. தொடரில் முத்துவின் கடையை நாம் பெரும்பாலும் முன்புறமிருந்தே பார்த்திருக்கிறோம். உண்ண வருவோரின் பார்வை அது. ஒரு மலாய்ச் சிறுவனோ சீனச் சிறுமியோ கவசத்தை அணிந்து அக்கடையின் உட்புறம், அடுப்பின் பக்கத்தில் நின்று பார்த்தால், உப்பினும் இப்பினும் வெயிலில் வந்து நிற்கும் இரண்டு வாடிக்கைக்காரப் பிள்ளைகள். பரபரப்பு அடங்கிக் கடை வெறிச்சோடிய பொழுதில், முத்து தமக்குத்தாமே எம்மொழியில் கணக்குப் பார்க்கிறார் என்பது அந்த இடத்தில் நிற்பவர் காதில்தான் விழும்.